மேஜர் ஜம்புவின் அடுக்களை

மேஜர் ஜம்பு ஒருநாளும் ராணுவத்தில் இருந்ததில்லை. துப்பாக்கியைக் கையால் தொட்டதில்லை. திருநெல்வேலியிலிருந்து செகந்திராபாத் வருகிற வழியில் ரயில் நிற்கும் ஊர்களைத் தவிர வேறு ஊர் பார்த்ததில்லை. மேஜருக்கு இடுப்பு வலி உண்டு, இரண்டு பிள்ளைகள் உண்டு, எண்ணெய்க் கத்தரிக்காய் செய்வதில் நல்ல பெயர் உண்டு. மேஜரின் சொந்தப் பெயர் கல்பகம்.

1961இல் கல்யாணமான கையோடு அவள் ஹைதராபாத் வந்தாள். கணவர் ஜகதீசன், ராணுவத்துக்குக் கருவிகள் செய்கிற ஓர் அரசுத் தொழிற்சாலையில் சோதனைப் பிரிவில் வேலை பார்த்தார். மௌலாலிக்கு அப்பால் பாறைகளுக்கு நடுவே குவார்ட்டர்ஸ். அந்தக் குவார்ட்டர்ஸுக்கென்று ஒரு நடைமுறை இருந்தது. ஆண்கள் அட்டையைக் காட்டி உள்ளே போவார்கள், வாயைப் பூட்டிக்கொண்டு வெளியே வருவார்கள். எந்தப் பெண்ணுக்கும் தன் புருஷன் உள்ளே என்ன செய்கிறான் என்று தெரியாது, கேட்கவும் கூடாது. ஊரிலிருந்து வருகிற உறவுக்காரர்கள் கேட்டால், "என்னமோ சாமான் செய்யுதாவ" என்று சொல்லிப் பேச்சை மாற்றிவிடுவார்கள்.

கேட்கக் கூடாதென்றால் பார்க்கக் கூடாது என்றா அர்த்தம்? ஜகதீசன் செருப்பைச் சுவரோரம் ஒழுங்காகக் கழற்றி வைத்தால் அன்று உள்ளே வேலை நல்லபடியாக முடிந்திருக்கிறது. நடுநடையில் உதறிவிட்டு வந்தால் ஏதோ தேறவில்லை. ரசம் இரண்டாம் தரம் கேட்டால் பெரிய அதிகாரி கத்தியிருக்கிறார். வாயால் ஒரு சொல் சொல்லாத மனிதரிடமிருந்து ஒரு வருஷச் செய்தியையும் கல்பகம் இப்படியே வாசித்துவிட்டாள். அவளுடைய எழுத்துக்கு அதுதான் முதல் பாடம் என்று அவளுக்கே பிற்பாடுதான் தெரிந்தது.

கல்பகம் முதலில் எழுதியது குடும்பக் கதைகள். பத்திரிகைகள் அவற்றைத் தபால்தலை ஒட்டிய அவளுடைய உறையிலேயே திருப்பி அனுப்பின. சென்னையில் மாத நாவல் போட்டுக்கொண்டிருந்த கோவிந்தராஜன் என்பவர் மட்டும் ஒரு வரி சேர்த்து எழுதியிருந்தார்: மாமியார் மருமகள் கதை மூட்டை மூட்டையாக வருகிறது, உளவாளிக் கதை எழுத வருமா?

உளவாளி என்றால் யார்? உள்ளே ஒன்றை வைத்துக்கொண்டு வெளியே ஒன்றைக் காட்டுகிறவன். அப்படிப்பட்டவர்கள் ஒரு காலனி நிறைய இருக்கிறார்களே என்று கல்பகத்துக்குத் தோன்றியது. காலைச் சங்கு ஊதி, ஆண்கள் உள்ளே போய், பிள்ளைகள் பள்ளிக்கூடம் கிளம்பியதும், அடுக்களை மேடையில் காய் நறுக்கிய இடத்தைத் துடைத்துவிட்டு எழுத உட்கார்ந்தாள். நின்றபடியே எழுதிய அத்தியாயங்களும் உண்டு.

அவளுடைய கதாநாயகன் ஏஜெண்ட் கபிலன் மற்ற துப்பறிவாளர்களைப் போல மாடியிலிருந்து குதிக்க மாட்டான். சந்தேகப்பட்ட வீட்டில் விருந்தாளியாகப் போய்ச் சாப்பிடுவான். தனி ஆள் இருக்கிற வீட்டில் காப்பிப்பொடி ஏன் இவ்வளவு சீக்கிரம் தீருகிறது, விதவை என்கிறவள் கொடியில் ஏன் ஆண்பிள்ளை பனியன் காய்கிறது என்று பார்ப்பான். ஆளைப் பிடித்துவிடுவான். சனங்களுக்கு அது பிடித்துப்போயிற்று. பெண்கள் பேரில் உளவு நாவல் போட்டால் சமையல் குறிப்பு என்று நினைத்துக்கொள்வார்கள் என்று கோவிந்தராஜன் மேஜர் பட்டத்தை அவரே வழங்கினார். ஜம்புநாதன் கல்பகத்தின் மாமனார் பெயர்; அதில் பாதி.

சில வருஷங்களில் செகந்திராபாத் ஸ்டேஷன் புத்தகக் கடையில் மேஜர் ஜம்பு வராத மாதம் இல்லை என்றாயிற்று. வேலூரிலிருந்து ஓய்வுபெற்ற சுபேதார் ஒருவர், "தாங்கள் எந்த ரெஜிமெண்ட்?" என்று கேட்டு மாதம் தவறாமல் எழுதினார்.

ஜகதீசன் மட்டும் பயந்துகொண்டே இருந்தார். ராணுவ சம்பந்தமான வேலை. வீட்டில் உளவாளி நாவல். ஆபீசில் எழுதிக் கொடுத்து அனுமதி வாங்கியிருக்க வேண்டும். கேட்டால் இல்லை என்றுவிடுவார்களோ என்று கேட்கவில்லை. கேட்காமல் நாளாக ஆக, இனிமேல் கேட்கவே முடியாது என்று ஆயிற்று. அதனால் அக்கம்பக்கத்தில் ஒருவருக்கும் தெரியாமல் பார்த்துக்கொண்டார்; வீட்டுக்குள் அவரே ஒரு சட்டமும் போட்டார்.

"இந்தா பாரு கல்பகம், ஃபேக்டரிக்குள்ள இருந்து ஒரு திருகாணி உன் கதைக்குள்ள வரப்பிடாது. மிஷின் பேரு, மெஷர்மெண்டு, மீட்டரு, ஒண்ணும் கூடாது."

"எனக்கு எங்கன தெரியும் உங்க திருகாணி? நீங்கதான் வீட்டுல வாயத் தொறக்கதே இல்லையே."

"தெரியாமலும் எழுதிருவ நீ. அதான் சொல்லுதேன்."

ஒவ்வொரு கையெழுத்துப் பிரதியையும் அவர் ஞாயிற்றுக்கிழமை சிவப்புப் பென்சிலோடு படிப்பார். 'கருவி' என்ற சொல்லைக் கண்டாலே அடிப்பார். ஒரு நாவலில் வில்லன் வீட்டு மாவரைக்கும் யந்திரத்தைக்கூட அடித்துவிட்டார். தொழிற்சாலையின் பக்கத்துக் கதவு இப்படி இறுக்கிச் சாத்தப்பட்டதால், கல்பகம் எல்லாவற்றையும் அடுக்களைப் பக்கத்துக் கதவு வழியாகவே எடுத்துக்கொண்டாள். அந்தக் கதவுக்கு வெளியே ஒரு குட்டைச் சுவர். சுவருக்கு அந்தப் பக்கம் ராஜம்.

ராஜம் கோயம்புத்தூர்க்காரி. வீட்டில் பேசுவது தெலுங்கு. "எங்க தெலுங்கக் கேட்டுப்போட்டு இங்கத்த பால்காரன் என்னைய எந்த ஊர் தமிழுன்னு கேக்கறானுங்க்கா" என்று அவளே சொல்லிச் சிரிப்பாள். அவள் கணவர் புருஷோத்தமன் என்ஜினியர், ஜகதீசனைவிட ஒரு படி மேலே. குள்ளமான, சுத்தமான, அதிகம் பேசாத மனிதர். கல்பகத்தை 'அம்மிணி' என்பார். கல்பகம் அவரை 'அண்ணாச்சி' என்பாள்.

அண்ணாச்சிக்கு ஒரே ஒரு பைத்தியம், சிற்றலை வானொலி. மாஸ்கோ, பீகிங், லண்டன், கொழும்பு என்று எந்த ஊரில் தமிழ் ஒலிபரப்பினாலும் பிடித்துவிடுவார். பிடித்தபின், எப்படிக் கேட்டது என்று அந்த நிலையத்துக்கே எழுதிப் போடுவார். ஒலி எவ்வளவு வலு, இடையூறு எவ்வளவு, இரைச்சல் எவ்வளவு என்று ஐந்து விஷயங்களுக்கு ஐந்து எண்கள். உலகம் பூராவும் வானொலிப் பிரியர்கள் அந்த முறையில்தான் எழுதுகிறார்கள். நிலையங்கள் நன்றி சொல்லிப் படம் போட்ட அட்டை அனுப்பும். அட்டைகளை அவர் அலமாரிக் கதவின் உட்புறத்தில் வரிசையாக ஒட்டி வைத்திருந்தார்.

"ஊட்ல கொடி கட்டறதுக்கு உடமாட்டேங்கறாருங்க்கா. கொடிக் கம்பியப் பூராவும் ஏரியலாக்கிப் போட்டாரு. ரேடியோவ அரிசி டிரம்மு மேல வெச்சாத்தான் பீகிங் கேக்குதாமா. நான் சோத்துக்கு அரிசி எடுக்கோணும்னா பீகிங்ல பாட்டு முடியோணும்!"

"நம்பர் நம்பரா எழுதுவாருன்னியே, அதென்ன?"

"அதேனுங் கேக்கறீங்க. நாலு அஞ்சு நாலு மூணு மூணுன்னு பேசறாரு தூக்கத்துலயும். வெய்யக்காலத்துல தலையில ஈரத் துண்டு போட்டுட்டு, காத ரேடியோவுல ஒட்டிட்டு உக்காந்திருப்பாரு பாருங்கோ, திருட்டுப்பய கெட்டான்!"

இரண்டு பேரும் சுவரைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். சிரித்துவிட்டு உள்ளே வந்த கல்பகம், கையைத் துடைத்துக்கொண்டு அதைத்தான் முதலில் எழுதினாள்.

1973இல் 'சிற்றலையில் ஒரு சதி' வெளிவந்தது. அதில் ஓர் என்ஜினியர். அரிசி டிரம்மின் மேல் ரேடியோ. துணி காயப்போடும் கம்பியில் ஏரியல். தலையில் ஈரத் துண்டு. அந்நிய வானொலிக்கு நேயர் கடிதம் எழுதுகிற சாக்கில், ஐந்து ஐந்து எண்களாக நாட்டின் ரகசியங்களை அனுப்புகிறான். அரிசி எடுக்க வந்த மனைவியை அவன் தடுத்த ஒரு கணத்தில் ஏஜெண்ட் கபிலனுக்குப் பொறி தட்டுகிறது.

ஜகதீசன் வழக்கம் போல் ஞாயிற்றுக்கிழமை படித்தார். சிவப்புப் பென்சிலுக்கு அதிகம் வேலை இருக்கவில்லை. "ஃபேக்டரி சமாசாரம் ஒண்ணும் இல்ல. போவட்டும்" என்றார். பக்கத்து வீட்டு அரிசி டிரம் அவர் கண்ணில் படவேயில்லை. அவர் காவல் நின்ற வாசல் வேறு. கல்பகத்துக்கும் அண்ணாச்சியைக் காட்டிக்கொடுக்கிறோம் என்ற நினைப்பு இல்லை. ஊர் பேரை மாற்றியிருந்தாள், ஆளை உயரமாக்கியிருந்தாள், மீசை வைத்திருந்தாள். அது போதும் என்று நினைத்தாள்.

நாவல் பறந்தது. கோவிந்தராஜன் உடனே மறுபதிப்பு போட்டார். குவார்ட்டர்ஸ் தமிழ்ச் சங்க நூலகத்தில் ஒரே பிரதி கைமாறிக் கைமாறி அட்டை பிய்ந்தது. படித்தவர்கள் எல்லாருக்கும் அரிசி டிரம்மைத் தெரிந்திருந்தது. பீகிங் பாட்டு முடியக் காத்திருக்கிற கதையை ராஜம் கல்பகத்திடம் மட்டுமா சொல்லியிருப்பாள்?

முதலில் வேடிக்கைதான். சங்கச் செயலாளர் நாராயணசாமி பொங்கல் விழாவில் எல்லார் முன்னாலும் கேட்டார்: "என்ன சார், இன்னிக்கு எந்த நாட்டுக்கு வித்தீங்க?" கொட்டகையே சிரித்தது. புருஷோத்தமனும் சிரித்தார். 'சிற்றலை சார்' என்ற பெயர் அன்றைக்கே ஒட்டிக்கொண்டது. கல்பகமும் அந்தக் கூட்டத்தில் இருந்தாள். சர்க்கரைப் பொங்கலை இலையோடு மடித்து வைத்தாள்.

பிறகு யாரோ பெயர் போடாமல் ஒரு மனு எழுதிப் போட்டார்கள். பாகிஸ்தானோடு சண்டை முடிந்து அதிக நாள் ஆகாத காலம்; எல்லாவற்றிலும் சந்தேகம். ஒருநாள் காலையில் பாதுகாப்புப் பிரிவிலிருந்து ஜீப் வந்தது. ரேடியோவைக் கொண்டுபோனார்கள். அலமாரிக் கதவிலிருந்து அட்டைகளைப் பிளேடால் சுரண்டி எடுத்தார்கள். அரிசி டிரம்மைக் கவிழ்த்துக் கொட்டிப் பார்த்தார்கள். தரையில் கிடந்த அரிசியை ராஜத்தோடு சேர்ந்து கல்பகமும் குத்தவைத்து அள்ளினாள்.

குற்றம் எதுவும் நிரூபணமாகவில்லை. நிரூபணமாகாததால் தீரவும் இல்லை. அந்த வருஷம் வெளிநாட்டுக்குப் பயிற்சிக்குப் போக வேண்டிய பட்டியலில் புருஷோத்தமன் பெயர் இருந்தது, எடுத்துவிட்டார்கள். உள்ளே போகும் அட்டையைத் திரும்பப் பெற்றுக்கொண்டு, எஸ்டேட் ஆபீசுக்கு மாற்றினார்கள். குவார்ட்டர்ஸின் தெருவிளக்கு, சாக்கடை, தண்ணீர்க் குழாய், இவைதான் இனி அவர் பொறுப்பு.

"நான் போயிச் சொல்லிருதேன்" என்றாள் கல்பகம். "எழுதினது நான்தான், ராஜம் வேடிக்கையாச் சொன்னத எடுத்து எழுதினேன், நம்பர்ல ரகசியம் கிகசியம் எல்லாம் நான் கட்டினதுன்னு சொல்லிருதேன்."

ஜகதீசன் செருப்பை நடுநடையில் உதறியிருந்தார். "சொல்லு. நாளைக்கு நம்ம வீட்டுக்கும் ஜீப் வரும். ராணுவ ஃபேக்டரிக்காரன் பெண்டாட்டி உளவு நாவல் எழுதுதா, ஆபீசுக்குச் சொல்லல, பணம் வாங்கியிருக்கா. அவருக்கு எஸ்டேட் ஆபீஸ். என்னைய வேலைய விட்டே அனுப்பிருவான். பிள்ளையளக் கூட்டிக்கிட்டு எங்கன போவ?"

"அப்பம் அண்ணாச்சி?"

"அவரு குத்தம் பண்ணல. தானாச் சரியாயிரும்."

அவர் அதை நம்பிச் சொல்லவில்லை; அவளும் நம்பிக் கேட்கவில்லை. ஆனாலும் இரண்டு பேரும் அந்த வார்த்தையைப் பிடித்துக்கொண்டார்கள். பிள்ளைகள் உள்ளறையில் ஹிந்தியில் சண்டை போட்டுக்கொண்டிருந்தார்கள். கல்பகம் எழுந்து அவர்களுக்குச் சோறு போடப் போனாள்.

ஒரு மாதம் போயிருக்கும். ராஜம் சுவரருகே வந்து கூப்பிட்டாள். கையில் புதுசாய் வாங்கின காகிதம்.

"ஏனுங்க்கா, உங்க கையெழுத்து முத்து முத்தா இருக்குமே. ஒரு கடுதாசி எழுதித் தரோணும்."

"யாருக்கு?"

"அந்த மேஜர் ஜம்புவுக்குங்க்கா. புஸ்தகத்துல மெட்ராஸ் அட்ரஸ் போட்டிருக்குது. அந்தாளு கை அழுகிப் போகோணும்னுதான் வேண்டிக்கறேன். ஆனா அதை எழுத வேண்டாமுங்க. நல்ல வார்த்தையா எழுதிக் குடுங்கோ. இது பூராவும் கற்பனைன்னு ஒரு வரி அவரு எழுதிக் குடுத்தாப் போதும், நான் ஆபீசர்கிட்ட காமிச்சுப்போடுவேன்."

கல்பகம் ராஜத்தின் வீட்டு முற்றத்தில் உட்கார்ந்து எழுதினாள். 'மதிப்பிற்குரிய மேஜர் ஐயா அவர்களுக்கு' என்று தொடங்கினாள். ராஜம் சொல்லச் சொல்ல, தப்புத் திருத்தி, இலக்கணம் பார்த்து எழுதினாள். "எங்கூட்டுக்காரரு சாப்படறதில்லீங்க, அதையும் போடுங்கோ" என்றாள் ராஜம். போட்டாள். "அவரு யாருக்கும் ஒரு கெடுதல் நினைச்சதில்லைன்னும் போடுங்கோ." அதையும் போட்டாள். இடையில் ராஜம் அழுதபோது, பேனாவை மூடி வைத்துவிட்டு அவள் முதுகைத் தடவிக் கொடுத்தாள். அந்த நேரத்தில் சொல்லியிருக்கலாம். வேறு யாரும் இல்லை. ராஜம் மூக்கைச் சிந்திவிட்டு, "கடைசியில உங்கள் சகோதரின்னு போடலாமுங்களா?" என்று கேட்டாள். கல்பகம் போட்டாள்.

அந்தக் கடிதம் சென்னைக்குப் போய், கோவிந்தராஜனின் உறையில் ஏறி, கல்பகத்துக்கே திரும்பி வந்தது. தன் கையெழுத்தைத் தானே பிரித்துப் படித்துவிட்டு, மேஜர் ஜம்பு பதில் எழுதினார். நாவலில் வருவன யாவும் கற்பனை, எந்த உயிருள்ள மனிதரையும் குறிப்பன அல்ல என்று எழுதி, அடுத்த மாத நாவலின் முதல் பக்கத்தில் போடச் சொன்னார். கோவிந்தராஜன் கட்டம் கட்டிப் போட்டார்.

ராஜம் அந்தப் பக்கத்தைக் கிழித்து எடுத்துக்கொண்டு, கல்பகத்தையும் துணைக்கு அழைத்துக்கொண்டு பாதுகாப்பு அதிகாரியைப் பார்க்கப் போனாள். அதிகாரி ஹைதராபாத்காரர், மரியாதையானவர். இரண்டு பேருக்கும் நாற்காலி போடச் சொன்னார். பக்கத்தைத் தமிழ் தெரிந்த கிளார்க்கிடம் கொடுத்து வாசிக்கச் சொல்லிக் கேட்டார்.

"யே மேஜர் கோன் ஹை அம்மா? காகஸ் நக்கோ. ஆத்மி ஹோனா" என்றார். காகிதம் வேண்டாம், ஆள் வேண்டும். பொய்ப்பெயரில் அச்சடித்ததை வைத்துக்கொண்டு அவர் என்ன செய்ய முடியும்? அந்த மேஜர் நேரில் வந்து, சொந்தப் பெயர் சொல்லி, எங்கே கேட்டு எழுதினேன் என்று சொல்லட்டும். ஃபைலை அன்றே மூடுகிறேன் என்றார்.

மேஜர் அவருக்கு எதிரே, புடவைத் தலைப்பைத் தோளைச் சுற்றி இழுத்துப் போர்த்திக்கொண்டு, நாற்காலியின் நுனியில் உட்கார்ந்திருந்தார். எழுந்து வெளியே வந்தார்.

அதன் பிறகு கல்பகத்தால் அதிகம் எழுத முடியவில்லை. யார் வீட்டில் எதைப் பார்த்தாலும் கண்ணைத் திருப்பிக்கொண்டாள். காப்பிப்பொடி, கொடித்துணி, செருப்பு எதையும் பார்க்காமல் கபிலனால் ஆளைப் பிடிக்க முடியவில்லை. 'சிற்றலையில் ஒரு சதி'யை இனி அச்சடிக்காதீர்கள் என்று எழுதினாள். உரிமை எழுதிக் கொடுத்தாயிற்றே அம்மா, அதுதானே நமக்குச் சோறு போடுகிறது என்று கோவிந்தராஜன் பதில் எழுதினார். அவள் நிறுத்தியதும் வேறு யாரையோ பிடித்து மேஜர் ஜம்புவை மாதாமாதம் எழுத வைத்தார். புது மேஜரின் கபிலன் மாடியிலிருந்து குதித்தான். வாசகர்களுக்கு வித்தியாசம் தெரிந்ததாகத் தெரியவில்லை.

புருஷோத்தமன் சைக்கிளில் வீடு வீடாகப் போய்க் குழாய் பார்த்தார். ஒருநாள் கல்பகம் வீட்டுக் குழாய் ஒழுகுகிறதென்று ஜகதீசன் மறதியாகப் புகார் எழுதிவைத்துவிட, பிளம்பரோடு அவரே வந்து நின்றார். குனிந்து பார்த்தார். "வாஷர் தேஞ்சு போச்சுங்க அம்மிணி. மாத்திப்போட்டாச் சரியாயிடும்" என்றார். ராடார் அலையைப் பற்றி வகுப்பெடுத்த மனிதர். கல்பகம் கொடுத்த காப்பியை நின்றபடியே குடித்துவிட்டு, டம்ளரைத் தானே கழுவிவைத்துவிட்டுப் போனார்.

அதற்குப் பிறகு அந்த வீட்டில் எது ஒழுகினாலும் கல்பகம் புகார் எழுத விடவில்லை. துணியைச் சுற்றிக் கட்டினாள். அடியில் வாளி வைத்தாள். மகள் மங்களம், "கைக்கு அம்மா, எதுக்கு இப்படி? கம்ப்ளெயிண்ட் எழுதினா வந்து பண்ணிட்டுப் போறாங்க" என்று சலித்துக்கொள்வாள். "வேண்டாம். அதுபாட்டுக்குச் சொட்டட்டும்" என்பாள். குளியலறைத் தரை பாசி பிடித்து, ஜகதீசன் ஒருமுறை வழுக்கி விழுந்தும் விழுந்தார். அப்போதும் அவர் புகார் எழுதவில்லை.

எண்பதுகளில் குகட்பள்ளியில் வீட்டுவசதி வாரியக் காலனி வந்தபோது ஜகதீசன் அங்கே ஒரு வீடு வாங்கினார். முன்பணம் 'சிற்றலை'யின் மறுபதிப்புகளுக்குக் கோவிந்தராஜன் அனுப்பிவந்த பணத்திலிருந்து வந்தது. ராஜமும் புருஷோத்தமனும் அதே காலனியில், நாலு தெரு தள்ளி, ஒரு சின்ன வீடு எடுத்தார்கள். "உங்க பக்கத்துலயே இருக்கலாமுன்னுதானுங்க்கா" என்றாள் ராஜம்.

புருஷோத்தமனின் பணி ஓய்வுக் கூட்டம் எஸ்டேட் ஆபீசில் நடந்தது. மாலை போட்டார்கள், ஃபிளாஸ்க் கொடுத்தார்கள். பேசிய இளைஞன் ஒருவன், "நம்ம சிற்றலை சார் ரொம்ப நல்லவர்" என்றான். அவனுக்கு அது கேலிப்பெயர் என்றுகூடத் தெரியாது. புருஷோத்தமன் தலையை ஆட்டிக்கொண்டார். பின்வரிசையில் உட்கார்ந்திருந்த கல்பகம், இனிமேல் பொறுப்பதில்லை என்று முடிவு செய்தாள். முடிவு செய்துவிட்டு, ஜகதீசனும் ஓய்வு பெறட்டும், பென்ஷன் கைக்கு வரட்டும் என்று இன்னொரு வருஷம் பொறுத்தாள். அந்த ஒரு வருஷத்தைத்தான் அவளால் பிற்பாடும் நியாயப்படுத்திக்கொள்ள முடியவில்லை.

1987 கோடையில் ஒரு காலை, நாலு தெரு நடந்துபோய், ராஜம் வீட்டுச் சோபாவில் உட்கார்ந்து சொன்னாள். சுற்றி வளைக்கவில்லை. "மேஜர் ஜம்பு நான்தான், ராஜம். நீ சொன்னதத்தான் எழுதினேன்" என்றாள்.

புருஷோத்தமன் பேப்பரை மடித்தார். ராஜம் கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். கை நிற்கவில்லை, கொஞ்ச நேரம் அதுபாட்டுக்கு ஆய்ந்தது. பிறகுதான் நின்றது.

"கடுதாசி எழுதுனீங்களே" என்றாள்.

"ஆமா."

"எங்கூட்ல உக்காந்து. உங்கள் சகோதரின்னு போடலாமான்னு உங்களயே கேட்டேன்."

ராஜம் கீரைத் தட்டைத் தள்ளி வைத்தாள்.

"கதை எழுதுனதுகூடப் பரவால்லீங்க. என்ற வாயி சும்மா இருந்திருக்கோணும். இந்தப் பதினாலு வருஷமும் நாந்தான் வாயக் குடுத்துக் கெடுத்தேன்னு இவரு முன்னால தல நிமிந்ததில்ல நானு. யாருகிட்டச் சொன்னேன், எவ போயி அந்தாளுக்கு எழுதிப்போட்டான்னு காலனியில ஒவ்வொருத்தியா நினைச்சு நினைச்சு... உங்களை மட்டும் நினைக்கலீங்க."

"விடு ராஜம்" என்றார் புருஷோத்தமன். "அம்மிணி, நீங்க சொன்னதே போதுமுங்க. இனி அதக் கிண்டி என்னாகப் போகுது?"

"வெளியில சொல்லுதேன் அண்ணாச்சி. பத்திரிகைக்கு எழுதுதேன், என் சொந்தப் பேருல."

"வேண்டாமுங்க. எல்லாரும் மறந்துட்டாங்க. நீங்க எழுதுனா மறுபடி முதல்ல இருந்து ஆரம்பிக்கும்."

"நீங்க வேணா விடுங்க" என்றாள் ராஜம். "பத்திரிகையெல்லாம் வேண்டாம். அன்னிக்குப் பொங்கல் விழாவுல வாயத் தொறந்தானே நாராயணசாமி, அவன் ஊட்டுக்கு எங்கூட வரட்டும். அவன் மூஞ்சியப் பார்த்துச் சொல்லட்டும்."

புருஷோத்தமன் பேப்பரைப் பிரித்து முகத்துக்கு நேரே பிடித்துக்கொண்டார்.

நாராயணசாமியும் அவர் மனைவி கமலமும் மல்காஜ்கிரியில் மகன் வீட்டில் இருந்தார்கள். அடுத்த நாளே இரண்டு பெண்களும் போனார்கள். கமலம் மின்விசிறியைப் போட்டு உட்கார வைத்தாள். கல்பகம் மறுபடியும் சுற்றி வளைக்காமல் சொன்னாள். மேஜர் ஜம்பு தான்தான் என்றும், அந்த நாவலால் ஒரு குற்றமும் செய்யாத மனிதர் வேலை கெட்டது என்றும், பொங்கல் விழாவில் அவரைப் பார்த்து எல்லாரும் சிரித்தது தன்னால் என்றும் சொன்னாள்.

நாராயணசாமி வாயைப் பிளந்தார். "மேஜர் ஜம்புவா! நீங்களா? அடடா! கமலம், கேட்டியா? நம்ம காலனியில இருந்திருக்காங்க! ரிட்டயர்டு மிலிட்டரி ஆளுன்னுல்ல நினைச்சேன்!"

"சார், நான் சொன்னது..."

"அந்தக் காப்பிப்பொடி ஒண்ணு வருமே, ஏ ஒன்! இப்ப வர்றதெல்லாம் சரியில்லம்மா, என்ன ஆச்சு உங்களுக்கு? டேய், வாடா இங்க, யாரு வந்திருக்காங்க பாரு!" மகன் வந்தான், மருமகள் வந்தாள். மருமகள் உள்ளே ஓடிப்போய், பைண்டு பண்ணின மாத நாவல் தொகுப்பும் பேனாவும் எடுத்து வந்தாள். "ஆன்ட்டி, ஒரு கையெழுத்து!"

"புருஷோத்தமன் சாரைச் சிற்றலைன்னு கூப்பிட்டீங்களே" என்றாள் கல்பகம். குரல் உயர்ந்துவிட்டது. "அது எதனாலன்னு ஞாபகம் இருக்கா?"

நாராயணசாமி யோசித்தார். அவர் நடிக்கவில்லை, உண்மையாகவே யோசித்தார். "ஆள் கொஞ்சம் குள்ளம் இல்ல? அதனாலன்னு நினைக்கிறேன். எப்படி இருக்கார் அவர்? நல்ல மனுஷன்."

கமலம் காப்பி கொண்டு வந்தாள். ராஜம் எழுந்துவிட்டாள். "எனக்கு வேண்டாமுங்க" என்றாள். பிறகு கல்பகத்தைப் பார்க்காமலே, "கையெழுத்துப் போட்டுட்டு வாங்கக்கா. பாவம், அந்தப் புள்ள பேனா புடிச்சிட்டு நிக்குது" என்றுவிட்டு வெளியே போய்ச் செருப்பை மாட்டினாள்.

கல்பகம் கையெழுத்துப் போடவில்லை. பேனாவைப் புத்தகத்தின் மேலே வைத்துவிட்டு, என்னவோ சொல்லிக்கொண்டு வெளியே வந்தாள். ராஜம் அதற்குள் தெருமுனை போயிருந்தாள். வேகமாக நடந்தால் எட்டிப் பிடித்திருக்கலாம். கல்பகம் பின்னாலேயே, அதே இடைவெளியில் நடந்தாள்.

செகந்திராபாத்தில் மாறி ஏறிய குகட்பள்ளி பஸ்ஸில் முன்பக்கம் பெண்கள் இருக்கையில் இரண்டு இடம் காலியாக இருந்தது. ராஜம் ஜன்னலோரம் உட்கார்ந்து, பக்கத்து இடத்தில் தன் பையை வைத்தாள். கல்பகம் கம்பியைப் பிடித்துக்கொண்டு அருகே நின்றாள். பையை எடு என்று அவள் கேட்கவில்லை. பாலாநகர் தாண்டி, இடுப்பில் குழந்தையோடு ஒருத்தி ஏறினாள். ராஜம் பையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டு, "ரா அம்மா, கூச்சோ" என்று அவளை உட்காரச் சொன்னாள். குழந்தையின் காலைப் பிடித்து நேராக விட்டாள்.

காலனி வரும்வரை கல்பகம் நின்றுகொண்டே வந்தாள்.